கயிறு போதவில்லை

சென்ற மாதம் ஜெனிபர் கைப்பேசியில் அழைத்தார். தூத்துக்குடித் துறைமுகத்தில் கப்பல் சரக்கை அளக்கும் சர்வேயர்களுக்கு ஒரு சங்கம் உண்டு. இப்போது அவர்தான் அதற்குச் செயலாளர். நான் இரண்டு வருடங்களுக்கு முன், ஐம்பத்தெட்டு வயதில், முழங்கால்களின் பலத்த பரிந்துரையின்பேரில் ஓய்வு பெற்றவன்.

“சார், சங்க மலருக்கு ஒங்ககிட்ட ஒரு கட்டுரை வேணும்.”

“எதைப் பத்தி?”

“நீங்க வாரத்துக்கு மூணு நாள்தான் வேலை பாத்தீங்களாமே. ஆனா வீடு கட்டிட்டீங்க, பிள்ளையப் படிக்க வச்சிட்டீங்க, மூஞ்சியிலயும் ஒரு தெளிச்சி இருக்கு. அது எப்படின்னு எழுதித் தாங்க. ‘குறைந்த நேரம், நிறைந்த வருமானம்’னு தலைப்புகூட வச்சாச்சு.”

பேருந்து நிலையச் சுவரில், மூலத்துக்கு மருந்து விற்பவரின் சுவரொட்டிக்குப் பக்கத்தில் ஒட்டவேண்டிய தலைப்பு. மறுத்துவிடலாம் என்று வாயெடுத்தேன். அதற்குள் பேச்சு வேலைப் பக்கம் போய்விட்டது. இப்போதெல்லாம் கப்பலின் வெளிப்பக்க அளவுகளைப் படிக்க ட்ரோன் விடுகிறார்கள். கணக்கை டேப்லெட்டே போட்டுவிடுகிறது. என் காலத்தில் நான்கு மணி நேரம் எடுத்த வேலை, ஒன்றரை மணி நேரத்தில் முடிந்துவிடுகிறதாம்.

“அப்போ மீதி ரெண்டரை மணி நேரம்?” என்றேன்.

“அடுத்த கப்பலு சார்.”

அவருக்குப் பின்னால் லாரி ஹாரன் கேட்டது. அவர் அடுத்த கப்பலுக்குத்தான் போய்க்கொண்டிருந்தார். எழுதித் தருகிறேன் என்று சொல்லிவிட்டேன்.

எங்கள் தொழிலைத் தெரியாதவர்களுக்கு நாலு வரி. ஐம்பதாயிரம் டன் நிலக்கரியோடு ஒரு கப்பல் வருகிறது. அதை எந்தத் தராசில் வைப்பது? கப்பலையே தராசாக்கிக்கொள்ள வேண்டியதுதான். கப்பலின் பக்கவாட்டில் அடியிலிருந்து மேல்வரை எண்கள் எழுதியிருக்கும். எந்த எண்வரை கப்பல் அமிழ்ந்திருக்கிறது என்று முன்னும் நடுவும் பின்னும், இரண்டு பக்கமும், ஆறு இடங்களில் படிக்கவேண்டும். அதைக்கொண்டு மொத்த எடையைக் கண்டுபிடித்து, கப்பலின் சொந்த எடை, எண்ணெய், தண்ணீர் எல்லாவற்றையும் கழித்தால் மிஞ்சுவது சரக்கு. இதில் ஒரு சிக்கல். உப்புத் தண்ணீர் கப்பலைத் தூக்கிப் பிடிக்கும்; நல்ல தண்ணீரில் அதே கப்பல் இன்னும் கொஞ்சம் அமிழும். ஆகவே ஒரு பாட்டிலைக் கயிற்றில் கட்டிக் கடலில் இறக்கி, கப்பல் மிதக்கும் ஆழத்தில் பாதிவரை கொண்டுபோய்த் தண்ணீர் எடுத்து, அதன் அடர்த்தியை ஹைட்ரோமீட்டரில் பார்க்கவேண்டும். இதுதான் டிராஃப்ட் சர்வே. விஞ்ஞானம் என்று நாங்கள் சொல்லிக்கொள்வோம். பார்ப்பவர்களுக்குக் கிணற்றில் வாளி விடுவதுபோல இருக்கும்.

நான் இந்தத் தொழிலுக்கு வந்ததில் வியப்பில்லை. எங்கள் குடும்பமே தராசுக்காரக் குடும்பம். அண்ணன் மாப்பிள்ளையூரணியில் பலசரக்குக் கடை வைத்திருக்கிறார். விடியும் முன் திறந்தால், ஊர் அடங்கிய பிறகுதான் அடைப்பார். கடைக்குப் பூட்டு வாங்கியதே ஏதோ ஒரு கடையடைப்பின்போதுதான். அதுவரை பூட்டுக்கு வேலை இருந்ததில்லை. மதியம் இரண்டு மணிக்கு வீட்டில் இருக்கும் ஆண்பிள்ளையை எங்கள் வீட்டார் இரண்டு வகையாகத்தான் பார்ப்பார்கள்: ஒன்று நோயாளி, இல்லையென்றால் மாப்பிள்ளை.

இயற்பியல் பட்டம், மூன்று வருடம் மற்றவர்களின் பையைச் சுமந்தது, ஒரு தேர்வில் தோற்றது, அடுத்ததில் தேறியது. பயிற்சிக் காலத்தைப் பற்றி இவ்வளவு போதும். அந்தக் காலம் முழுக்க என் மேலதிகாரியாக இருந்தவர் மீரான் காக்கா. காயல்பட்டினத்துக்காரர். அவர் தெருவில் பாதி வீடுகளின் ஆண்கள் வளைகுடாவில் இருந்தார்கள். இவர் கப்பலில் கேப்டனுக்கு அடுத்த இடத்தில், சீஃப் ஆபீசராக உலகத்தைச் சுற்றிவிட்டு, போதும் என்று ஊருக்கு வந்து இந்த அலுவலகத்தைத் தொடங்கியவர். அவர் ஊரில் அண்ணனைக் காக்கா என்பார்கள்; துறைமுகத்தில் எல்லோருக்கும் அவர் காக்காதான்.

காக்கா ஓடி நான் பார்த்ததில்லை. வேகமாக நடந்தும் பார்த்ததில்லை. கப்பல் நிற்கும் பெர்த்துக்குப் போனதும், கப்பலைக் கட்டும் இரும்புக் குமிழ் ஒன்றின்மேல் கைக்குட்டையை விரித்து உட்காருவார். குடையை விரிப்பார். பத்து நிமிடம் தண்ணீரையே பார்த்துக்கொண்டிருப்பார். அலை ஏறுவதையும் இறங்குவதையும் விரலால் எண்ணுவார். அதன்பிறகுதான் நோட்டை எடுப்பார். ஆறு இடத்தையும் படித்து முடித்ததும், முதல் இடத்துக்குத் திரும்பவும் போய் மறுபடி படிப்பார். அவருடைய கயிறு இருபது மீட்டர். மீட்டருக்கு ஒரு முடிச்சு. பாட்டிலை இறக்கும்போது உதட்டசைவில் முடிச்சுகளை எண்ணுவார். வேலை முடிந்ததும் அந்த ஈரக் கயிற்றை அலுவலக ஜன்னலில் காயப்போடுவார். தெருவில் போகிறவர்கள், “காக்கா கொடி கட்டிட்டாரு, இன்னைக்கு ஒரு கப்பல் முடிஞ்சிட்டு” என்பார்கள்.

ஒரு நாளைக்கு ஒரு கப்பல். அதற்குமேல் எடுக்கமாட்டார். மற்ற அலுவலகங்களைவிடக் கட்டணம் கூடுதல். மதியம் லுஹர் தொழுது, சாப்பிட்டு, அலுவலகத்துப் பெஞ்சில் மாலை அசர் பாங்கு வரை தூங்குவார்.

இதைப் படிக்கிற இளைஞர்கள் உடனே இவரை ஒரு ஞானியாக்கிச் சட்டம் போட்டு மாட்டிவிடக் கூடாது. அவர் எனக்கு எதையும் கற்றுத் தந்ததாக நினைவில்லை. எதையாவது கேட்டால், “புஸ்தகத்துல இருக்கும் தம்பி, பாருங்க” என்பார். தூக்கத்தை விரும்பிய மனிதர். தூக்கம் கெடாமல் இருக்கவேண்டுமென்றால் வேலை தப்பக் கூடாது என்பதால் வேலையை ஒழுங்காகச் செய்தார், அவ்வளவுதான். அப்போது எனக்கு அவர் சோம்பேறியாகத் தெரிந்தார். முப்பத்தைந்து வயதில் அவரிடமிருந்து பிரிந்து, அதே கட்டடத்தில் பக்கத்து அறையிலேயே என் பெயர்ப் பலகையை மாட்டினேன். காக்கா வந்து பலகையைப் பார்த்தார். “எழுத்து நல்லா இருக்கு” என்றார். தூங்கப் போய்விட்டார்.

நான் ஓடினேன். ஒரு நாளைக்கு இரண்டு கப்பல், மூன்று கப்பல். பைக்கில் ஒரு பெர்த்திலிருந்து இன்னொரு பெர்த்துக்குப் போகும்போதே மனக்கணக்குப் போடுவேன். மதியச் சாப்பாடு என்பது கேங்வே ஏணியில் ஏறிக்கொண்டே தின்கிற வாழைப்பழம். என் மனைவி செல்வி பள்ளி ஆசிரியை. “ஒங்க போட்டோ ஒண்ணு தாங்க, பிள்ளைக்கு யாருன்னு காட்டணும்” என்று ஒருமுறை கேட்டாள். அண்ணனுக்கு மட்டும் பெருமை தாங்கவில்லை. “இப்பதாம்லே நீ நம்ம வீட்டுப் பிள்ளை!”

அந்த ஓட்டத்தில் எதைக் குறைக்கலாம் என்று பார்த்தேன். கப்பலின் நீளத்தைக் குறைக்க முடியாது. ஏணியின் படிகளைக் குறைக்க முடியாது. கயிற்றைக் குறைக்கலாம். இருபது மீட்டர் நனைந்த கயிற்றை இழுத்துச் சுற்றி எடுக்கப் பத்து நிமிடம் பிடிக்கும். மூன்று கப்பல் என்றால் அரை மணி நேரம். ஒருநாள் கத்தியை எடுத்து எட்டு மீட்டரில் வெட்டினேன். சரக்கோடு வரும் கப்பலின் மேல்தளத்திலிருந்து தண்ணீரைத் தொட அது போதும். துறைமுகத் தடாகத்துக்குள் மேலே இருக்கும் தண்ணீரும் கீழே இருக்கும் தண்ணீரும் பெரும்பாலான நாட்களில் ஒன்றுதானே? ஒன்றுதான். ஆறு வருடம் ஒன்றாகத்தான் இருந்தது.

ஏழாம் வருட ஐப்பசியில் மூன்று நாள் விடாத மழை. நான்காம் நாள், புதன்கிழமை, வெயில் அடித்தது. மழை விடக் காத்திருந்த கப்பல்களெல்லாம் ஒன்றாக உள்ளே வந்தன. எனக்கு மூன்று கப்பல். இரண்டாவது ஒரு நிலக்கரிக் கப்பல். சரக்கை இறக்குமதி செய்த நிறுவனத்துக்காக நான் அளக்கப் போயிருந்தேன். கப்பல் தரப்பில் என்னோடு நின்றவர் சீஃப் ஆபீசர் சேவியர். நம்மூர்க் கடற்கரைப் பிள்ளை. முப்பத்தைந்து வயது இருக்கும். ஏழு மாதம் கழித்து, அதுவும் சொந்த ஊர்த் துறைமுகத்திலேயே கரை சேர்ந்த சந்தோஷம் முகத்தில் இருந்தது.

“ஞாயித்துக்கெழம கோயில்ல மகளுக்குப் புதுநன்மை அண்ணாச்சி, மொத மொதல்ல நற்கருணை வாங்குதா. சனிக்கெழம எறங்கிருவேன். அடுத்த கப்பல்ல கேப்டனாப் போடுதேன்னு கம்பெனி சொல்லிட்டு. இரிங்க, குசினியில காப்பி போடச் சொல்லுதேன்.”

“காப்பிக்கெல்லாம் நேரம் இல்ல தம்பி” என்றேன்.

ஆறு இடங்களையும் படித்தோம். இருவருக்கும் ஒரே எண். பாட்டிலை இறக்கினேன். தண்ணீரின் அடர்த்தி ஆயிரத்துப் பன்னிரண்டு என்று வந்தது. வழக்கமாக இங்கே ஆயிரத்து இருபத்திரண்டுக்குக் குறையாது. சேவியர் குனிந்து பார்த்தார்.

“ரொம்பக் கொறச்சலா இருக்கே அண்ணாச்சி.”

“மழை பெஞ்சிருக்குல்லா” என்றேன். உண்மைதான். மழை பெய்திருந்தது. அதற்குமேல் யோசிக்க மூன்றாவது கப்பல் விடவில்லை. சேவியர் ‘ஆட்சேபத்துடன்’ என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார். அதையும் நான் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

கணக்குப் போட்டுப் பார்த்தால், ஏற்றிய துறைமுகத்தின் காகிதத்தில் இருந்ததைவிடச் சரக்கு ஐந்நூறு டன்னுக்குமேல் குறைந்தது.

மறுநாள் முற்பகல் கப்பலின் அலுவலக அறையில் மூன்று பேர் உட்கார்ந்தோம். நான், சேவியர், நிலக்கரி நிறுவனத்தின் மேலாளர். மேலாளர் நல்ல மனிதர்தான். ஆனால் ஐந்நூறு டன் என்பது எந்த நல்ல மனிதரையும் கொஞ்சம் மாற்றிவிடும்.

“ஏத்துன எடத்துல கப்பலுக்குள்ள கெடந்த தண்ணிய மறைச்சு, அதையும் நெலக்கரியாக் காட்டிட்டீங்க” என்றார்.

“நானா?”

“நீங்கதான சீஃப் ஆபீசரு? தண்ணிக்கணக்கு ஒங்க கையிலதான இருக்கு?”

சேவியரின் காது சிவந்துவிட்டது. “இல்லாட்டா நடுக்கடல்ல ஐந்நூறு டன்னக் கொளுத்தி இட்லி அவிச்சேன்னு சொல்லுங்க சார்” என்றார். யாரும் சிரிக்கவில்லை. அவர் என் பக்கம் திரும்பினார். குரல் இறங்கிவிட்டது. “அண்ணாச்சி, காலையில கம்பெனி மெயில் வந்துட்டு. விசாரணை முடியிற வரைக்கும் நான் எறங்கக் கூடாதாம். விசாரிக்க ஆள அனுப்புதாங்க. கேப்டன் பேச்ச அப்படியே விட்டுட்டாங்க. ஒங்ககிட்ட ஒண்ணே ஒண்ணு கேக்கேன். பாட்டில இன்னும் கொஞ்சம் கீழ எறக்கிப் பாருங்க.”

இப்போது எழுதும்போதுகூட என் பதிலை எழுதக் கை கூசுகிறது.

“எனக்கே தொழில் சொல்லித் தாரீகளோ?” என்றேன். பையை எடுத்துக்கொண்டு இறங்கிவிட்டேன்.

நேராகக் காக்காவின் அறைக்குப் போனேன், முறையிட. இந்தக் காலத்துப் பயல்களுக்கு மரியாதை இல்லை, இத்தனை வருட அனுபவத்தைச் சந்தேகப்படுகிறான் என்று பொரிந்து தள்ளினேன். காக்கா சாப்பிட்டு முடித்துக் கையைத் துடைத்துக்கொண்டிருந்தார். பெஞ்சில் தலையணை தயாராக இருந்தது.

“கயிறு எத்தனை பாகம் தம்பி?”

கடலோடிகள் ஆழத்தை மீட்டரில் சொல்வதில்லை, பாகத்தில் சொல்வார்கள். இரண்டு கையையும் அகல விரித்தால் ஒரு பாகம். என் எட்டு மீட்டர் நாலரைப் பாகம்கூட வராது. அவர் பதிலுக்குக் காத்திருக்கவில்லை. படுத்து, முகத்தின்மேல் துண்டைப் போட்டுக்கொண்டார்.

நான் அங்கேயே நின்றேன். ஜன்னலில் அவருடைய கயிறு காய்ந்துகொண்டிருந்தது. கேட்காமல் உருவிக்கொண்டு கிளம்பினேன். இத்தனை வருடத் தொழிலில் நான் செய்த ஒரே திருட்டு அது.

பெர்த்தில் கப்பல் அப்படியேதான் நின்றது. கரி அள்ளும் வேலை நடந்துகொண்டிருந்தது. சேவியரைக் கூப்பிடாமல் ஏறினேன். கடல் பக்கமாகப் போய் முதலில் என் கயிற்றில் பாட்டிலை இறக்கினேன். ஆயிரத்துப் பதின்மூன்று. ஏறத்தாழ நேற்றுப் பார்த்ததே. மனத்துக்குள் ஒரு அற்பச் சந்தோஷம். பிறகு காக்காவின் கயிற்றில் கட்டி இறக்கினேன். ஆறு முடிச்சில் தண்ணீரைத் தொட்டது. ஏழு, எட்டு, ஒன்பது, பத்து, பதினொன்று, பன்னிரண்டு. மேலே இழுத்து ஹைட்ரோமீட்டரை விட்டேன். ஆயிரத்து இருபத்திரண்டு.

நம்ப முடியாமல் இரண்டு பாட்டிலிலும் விரலை விட்டு நாக்கில் வைத்துப் பார்த்தேன். துறைமுகத் தண்ணீரை நாக்கில் வைப்பது அறிவுள்ளவர் செய்கிற காரியம் அல்ல. முதல் பாட்டில் சப்பென்று இருந்தது. இரண்டாவது சுள்ளென்று உப்பு. மூன்று நாள் மழை வெள்ளம் ஓடைகள் வழியாகத் தடாகத்துக்குள் வந்து, கடல் தண்ணீரோடு கலக்காமல் மேலாக்கில் ஒரு பாய் விரித்ததுபோலக் கிடந்தது. கப்பல் மிதந்தது கீழே இருந்த உப்புத் தண்ணீரில். நான் அளந்தது மேலே கிடந்த மழையை. அந்த ஐந்நூறு டன் நிலக்கரி எங்கேயும் போகவில்லை. கப்பலுக்குள்தான் இருந்தது.

திரும்பிப் பார்த்தால் சேவியர் நின்றுகொண்டிருந்தார். எவ்வளவு நேரமாக நின்றார் என்று தெரியாது. ஹைட்ரோமீட்டரைக் குனிந்து பார்த்தார்.

மேலாளரிடம் போய்ச் சொன்னேன். அவர் நாற்காலியைக் காட்டினார். டீ சொன்னார். பிறகு மிகவும் அன்பாகப் பேசினார்.

“இன்னைக்குத் தண்ணி இன்னைக்கு உள்ளது. நீங்க அளந்தது நேத்து. நேத்துக் கீழ என்ன இருந்துதுன்னு யாரு கண்டா? மழை வடிஞ்சிருக்கும். இப்ப மாறியிருக்கும். ஒங்க ரிப்போர்ட்ட யாரும் தப்புன்னு சொல்ல முடியாது சார். பேசாம விட்டுருங்க.”

அவர் சொன்னது சரி. யாராலும் நிரூபித்திருக்க முடியாது. நேற்றுத் தண்ணீர் போய்விட்டது. நேற்றுக் கயிறு எவ்வளவு நீளம் என்பது மட்டும்தான் மாறாமல் இருந்தது. அது எனக்கு மட்டும்தான் தெரியும். அந்த நிறுவனம்தான் எனக்குப் பாதிக்குமேல் வேலை தந்துகொண்டிருந்தது. மகளுக்குப் பத்து வயது. வீட்டுக்கு அஸ்திவாரம் போட்டிருந்தேன். கம்பி மட்டும் நீட்டிக்கொண்டிருந்தது. டீயைக் குடித்தேன். ரொம்ப நல்ல டீ. இன்னொரு கிளாஸ் கேட்டு வாங்கிக் குடித்தேன். இரண்டு கிளாஸ் டீ குடிக்கிற நேரம்தான் நான் யோக்கியனா என்று யோசித்தேன் என்பதை இங்கே பதிவு செய்துவிடுகிறேன். ஆனால் காதில் ஒலித்தது மனசாட்சி ஒன்றும் இல்லை. ‘காப்பி போடச் சொல்லுதேன்’ என்றதுதான்.

என் பெயர் அச்சிட்ட தாளை எடுத்து அங்கேயே எழுதினேன். முதல் அறிக்கையைத் திரும்பப் பெறுகிறேன். மாதிரி நீர் மேற்பரப்பிலிருந்து மட்டுமே எடுக்கப்பட்டது. விதிப்படி நடு ஆழத்திலிருந்து எடுக்கப்படவில்லை. இங்கே நிறுத்தியிருக்கலாம். ‘எடுக்கப்படவில்லை’ என்ற சொல் யாருக்கும் வலிக்காத சொல். ஏதோ வானிலையின் குற்றம்போலத் தோன்றும். அதனால் காரணம் என்று தனியாகப் போட்டு இரண்டு சொற்கள் எழுதினேன்: கயிறு போதவில்லை.

மேலாளர் அதைப் படித்துவிட்டு, “இத நீங்க எழுதணும்னே இல்லியே சார்” என்றார், உண்மையான வருத்தத்தோடு.

சேவியரிடம் ஒரு நகல் கொடுத்தேன். நன்றி சொல்வார் என்று எதிர்பார்த்த அளவுக்கு நான் மடையன். அவர் கடைசி வரியை இரண்டு முறை படித்தார். “எத்தனை மீட்டர் அண்ணாச்சி?” என்றார். “எட்டு” என்றேன். தலையை ஆட்டிக்கொண்டே உள்ளே போய்விட்டார். இந்தத் தடவை காப்பி வரவில்லை.

சனிக்கிழமை கம்பெனி அவரை இறக்கிவிட்டது. மகளின் புதுநன்மைக்குப் போய்ச் சேர்ந்துவிட்டார். ஆனால் கேப்டன் பதவி ஒரு வருடத்துக்குமேல் தள்ளிப்போனது. ஒரு மனிதன்மேல் மூன்று நாள் விழுந்த சந்தேகம் எந்தக் கோப்பிலிருந்தும் முழுசாக அழிவதில்லை. அந்த ஒரு வருடத்தை நான் திருப்பிக் கொடுக்கவில்லை, கொடுக்கவும் முடியாது.

என் விஷயத்துக்கு வருகிறேன். நிலக்கரி நிறுவனம் வேறு ஆளைப் பார்த்துக்கொண்டது. அதைப் பார்த்து இன்னும் இரண்டு பேர் விலகினார்கள். துறைமுகத்தில் என் பெயர் தங்கராசு என்பதை எல்லோரும் மறந்துவிட்டார்கள். டீக்கடையில், “கயிறு போதாதவரு வாராரு” என்பார்கள். சிலர் இரண்டு கையையும் விரித்து நீளம் காட்டுவார்கள்.

வேலை இல்லாமல் முதன்முதலாக மதியம் இரண்டு மணிக்கு வீட்டுக்குப் போனேன். அன்று பள்ளி விடுமுறை. செல்வி கதவைத் திறந்து என்னைப் பார்த்தாள்.

“என்ன, இப்பவே வந்துட்டீக? நெஞ்சு வலிக்கா?”

“இல்ல. சும்மாதான்.”

“சும்மாவா?” என்றவள், என் நெற்றியில் கை வைத்துப் பார்த்துவிட்டுத்தான் உள்ளே விட்டாள். சாயங்காலத்துக்குள் அண்ணனுக்குச் செய்தி போய், கடையைக்கூட அடைக்காமல் வந்துவிட்டார்.

“ஏலே, ஒருத்தன் தப்புச் செய்யலாம். அத எழுதிக் கையெழுத்தும் போடுவானா? நம்ம கடையில படிக்கல்லு தேஞ்சுபோனா, தேஞ்சிட்டுன்னு போர்டா மாட்டுதேன்? மாத்திட்டுப் பேசாம இருப்பேன். நாளையிலருந்து கடைக்கு வா. பருப்பு நிறு. அதுக்குக் கயிறு வேண்டாம்.”

சில மாதங்கள் அப்படியே போயின. செல்வியின் சம்பளத்தில் சாப்பிட்டோம். பிறகு ஒருநாள், கப்பல் உரிமையாளர்களுக்குக் காப்பீடு செய்கிறவர்களின் உள்ளூர்ப் பிரதிநிதி அழைத்தார்.

“நீங்கதான அந்தக் கயிறு போதாதவரு?”

“ஆமா.”

“ஒரு தகராறு சார். ரெண்டு தரப்பும் ஒத்துக்கிடற ஆளு வேணும். ஒங்க பேரச் சொன்னதும் ரெண்டு பேருமே சரின்னுட்டாங்க.”

அன்று முழங்கால் வலி. போக மனசில்லை. போகாமலிருப்பதற்காகவே வெட்கமில்லாத ஒரு தொகையைச் சொன்னேன். “சரி சார், எப்ப வாரீங்க?” என்றார். நான் இன்னும் கொஞ்சம் கூட்டிச் சொல்லியிருக்கலாமோ என்று இன்றுவரை ஒரு குறை இருக்கிறது.

ஜெனிபர் கேட்ட இரகசியம் இவ்வளவுதான். நான் நேரத்தைக் குறைக்கத் திட்டம் போடவில்லை, என்னைக் குறைத்துவிட்டார்கள். தகராறுக் கப்பல்கள் வாரத்தில் இரண்டு மூன்றுதான் இருக்கும், ஆனால் அவற்றுக்குக் கட்டணம் கூடுதல். பிறகு சாதாரண வேலைகளும் திரும்பி வந்தபோது நான் எடுக்கவில்லை. ஒரு நாளைக்கு ஒரு கப்பல், வாரத்துக்கு மூன்று நாள். கொள்கை என்று நினைத்துவிட வேண்டாம். பயம். நான் ஓடினால் எதை வெட்டுவேன் என்பது எனக்குத் தெரிந்துபோயிருந்தது. மிச்ச நாட்களில் புத்தகம் படித்தேன், மகளுக்கு யார் என்று காட்ட என் புகைப்படம் தேவைப்படாமல் போனது, மதியம் தூங்கினேன். பக்கத்து அறையில் காக்கா. சுவருக்கு இந்தப் பக்கம் நான். இரண்டு பக்கமும் ஜன்னலில் ஆளுக்கொரு கயிறு.

ஆனால் இதை வாசித்துவிட்டு நாளைக்கே யாரும் மூன்று நாள் வேலைக்கு மாறிவிட வேண்டாம். எனக்கு ஒரு மனைவியின் மாதச் சம்பளம் இருந்தது. அப்பா விட்டுப்போன மனை இருந்தது. என் வீட்டில் பருப்பு தீர்ந்தால் அண்ணன் கடையில் இருந்தது. கப்பல் அறைக்குள் இறங்கிக் கரி அள்ளுகிற மனிதனிடம் போய், கொஞ்சம் ஓய்வெடுங்கள் என்று சொன்னால் அவர் என்ன செய்வாரோ அதுதான் நியாயம். வீட்டுக்கடன் தவணைக்காக மூன்றாவது கப்பலுக்கு ஓடுகிற ஜெனிபரை நான் ஒரு சொல் குறை சொல்லமாட்டேன். ட்ரோன் மிச்சம் பிடித்துத் தந்த இரண்டரை மணி நேரம் அவருடையது. அதை அவரிடமிருந்து யாரோ எடுத்துக்கொண்டார்கள். அதைச் சங்கம் கேட்கவேண்டும். மலரைவிட அது முக்கியமான வேலை. இதை வெட்டாமல் போடும்படி கேட்டுக்கொள்கிறேன்.

கடைசியாக ஒன்று. சேவியர் கேப்டன் ஆனபிறகு நாலைந்து முறை இங்கே கப்பல் கொண்டுவந்தார். ஒவ்வொரு முறையும் கப்பல் தரப்புக்கு என்னைத்தான் பெயர் சொல்லி அழைத்தார். என் கடைசி வேலையும் அவருடைய கப்பல்தான். தலையில் பாதி நரைத்திருந்தது. மகள் கல்லூரி முடித்துவிட்டாளாம். நான் என் பாட்டிலை ஒரு பக்கம் இறக்க, வழக்கம்போல அவர் தன் சொந்தப் பாட்டிலை மறுபக்கம் இறக்கினார். ஒவ்வொரு முறையும் அப்படித்தான் செய்வார். இரண்டு ஹைட்ரோமீட்டரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தோம். ஒரே எண்.

இனிமேல் வரப்போவதில்லை என்ற தைரியத்தில் கேட்டுவிட்டேன். “கேப்டன், எம்மேல நம்பிக்கையே இல்ல. பிறகு ஏன் ஒவ்வொரு தடவையும் என்னையே கூப்பிடுதீங்க?”

அவர் பாட்டிலைக் கவிழ்த்துத் தண்ணீரைக் கடலிலேயே ஊற்றினார்.

“ஒங்க தப்பு என்னன்னு எனக்குத் தெரியும் அண்ணாச்சி. அத மட்டும் பாத்துக்கிட்டாப் போதும். மத்தவங்க தப்பு என்னன்னு நான் எங்க போயித் தேடுவேன்?”

பிறகு, “இரிங்க, காப்பி வருது” என்றார். காப்பி வரும்வரை சும்மா இருக்கவேண்டாம் என்று நினைத்தாரோ என்னவோ, தளத்தில் சுற்றிவைத்திருந்த என் கயிற்றை எடுத்து முடிச்சு முடிச்சாக எண்ணினார்.

இருபது இருந்தது. மறுபடி முதலிலிருந்து எண்ணினார்.